ஒரு நாள்கூட லீவு எடுக்காதவள்

வலது தோள்பட்டை காலையிலேயே ஆரம்பித்துவிட்டது. குத்துகிற வலி இல்லை. உள்ளே யாரோ ஈரத்துணியை முறுக்கி வைத்துவிட்டு அவிழ்க்க மறந்துபோன மாதிரி ஒரு இறுக்கம். ஆஸ்பத்திரித் துணி வெளுக்கிற சலவைக்கூடத்தில் நனைந்த போர்வைகளைத் தொட்டியிலிருந்து தூக்கிப் பிழியும் எந்திரத்துக்குள் திணித்தே கல்யாணமும் பண்ணி இரண்டு பிள்ளையும் பெற்றவளுக்கு இது புதிதில்லை. அந்த வேலையை விட்டு மாதக்கணக்கில் ஆகிவிட்டது. வலிதான் அவளை விடவில்லை. இப்போது விடியற்காலையில் வீட்டிலேயே ஒரு லாட்ஜுக்குச் சட்டையும் திரைச்சீலையும் தேய்த்துக் கொடுக்கிறாள். தோளுக்கு ஓய்வு கிடையாது.

கோர்ட்டு வராந்தாவில் ஒரே ஒரு பெஞ்சு இருந்தது. அதில் வக்கீல்களின் காகிதக் கட்டுகள் உட்கார்ந்திருந்தன. மனுஷர்கள் நின்றுகொண்டிருந்தார்கள்.

சலவைக்கூடத்தில் அவளுக்கு டீச்சர் என்று பெயர். சாப்பாட்டு நேரத்தில் ஒரு கையால் பாடப் புத்தகத்தைப் பிடித்துக்கொண்டு மறு கையால் சாப்பிடுவாள் என்று கேலியாக வைத்தது. வைத்தவர்கள் வேலையை விட்டுப் போய்விட்டார்கள், கேலியும் போய்விட்டது, பெயர் மட்டும் ஒட்டிக்கொண்டது. அந்தப் பெயருக்கு அவள் தகுதியா இல்லையா என்பதுதான் வழக்கு.

"நம்மது எப்ப வரும்ங்க?" என்று பக்கத்தில் நின்ற தபால்காரரிடம் கேட்டாள். அவரும் மனுதாரர். நாற்பது தாண்டியவர். தபால் பட்டுவாடா செய்துகொண்டே பட்டம் வாங்கியவர்.

"சுவத்துல ஒட்டியிருக்கற தாளைப் பார்த்தா மத்தியானத்துக்கு மேல. ஜட்ஜ் ஐயா முகத்தைப் பார்த்தா அடுத்த மாசம்."

"போன தடவையும் இதையேதான் சொன்னீங்க."

"போன தடவையும் இதேதானம்மா நடந்துச்சு." அவர் ஒரு காலிலிருந்து இன்னொரு காலுக்கு உடம்பை மாற்றினார். "எனக்கு ஒண்ணுதான் ஆத்திரம். தபால்ல படிச்சியா, அதுக்கு என்ன ஆதாரம்னு என்கிட்டயே கேக்கறான். என் பட்டத்தை நானே சுமந்துட்டுப் போய், என் வீட்டுக் கதவை நானே தட்டி, நானே கையெழுத்துப் போட்டு வாங்கினேன். இதுக்கு மேல எவன் ஆதாரம் குடுப்பான்?"

விஷயம் இதுதான். அவளும் தபால்காரரும் இன்னும் பத்துப் பன்னிரண்டு பேரும் தபால் வழியாகப் படித்துப் பட்டம் வாங்கினார்கள். மூன்று வருஷம். பாடம் தபாலில் வரும். ஞாயிற்றுக்கிழமைகளில் ஒரு தொடக்கப் பள்ளிக் கட்டடத்தில் நேரடி வகுப்பு. சின்னப் பிள்ளைகள் உட்காரும் பலகைகளில் பெரிய முழங்கால்களை மடக்கிக்கொண்டு உட்கார வேண்டும். பட்டத்தைக் காட்டி ஆசிரியர் பயிற்சிக் கல்லூரியில் விண்ணப்பித்தார்கள், மதிப்பெண் பார்த்துச் சேர்த்துக்கொண்டார்கள், கட்டணம் வாங்கிக்கொண்டார்கள். வகுப்பு ஆரம்பித்த பிறகு கல்வி இலாகாவிலிருந்து ஒரு சுற்றறிக்கை வந்தது. தபால் வழிப் பட்டம் பயிற்சிக்குப் போதாது. நேரடி வகுப்பு முழுவதிலும் கலந்துகொண்டதை ஒவ்வொருவரும் நிரூபித்தால் பார்க்கலாம். வருகைச் சான்றிதழ் இருக்கிறதே என்றால், அதை வராதவர்களுக்கும் அள்ளிக் கொடுத்திருக்கிறார்கள், செல்லாது. அப்படியானால் எதைக் காட்டுவது என்று கேட்டால், அது உங்கள் பாடு.

கோர்ட்டுக்குப் போனார்கள். வழக்கு முடியும்வரை வகுப்பில் உட்காரலாம் என்று உத்தரவு வந்தது. 'வழக்கின் முடிவுக்கு உட்பட்டு' என்று ஒரு ரப்பர் முத்திரை செய்து கல்லூரியில் அவள் தொட்ட எல்லாவற்றிலும் குத்தினார்கள். அடையாள அட்டையில், கட்டண ரசீதில், நூலகச் சீட்டில். பிள்ளைகளுக்குப் பாடம் நடத்திப் பழக ஆளுக்கொரு பள்ளி ஒதுக்கியபோது விரிவுரையாளர் அம்மா பேனாவை மூடிவிட்டு, "நீங்க இருப்பீங்களா போவீங்களான்னே தெரியல, உங்களுக்கு எந்த ஸ்கூலைப் போடறது?" என்று கேட்டார். அவர் கெட்டவர் இல்லை. அவருக்கும் அலுத்துவிட்டது, கடைசியில் ஒரு பள்ளியைப் போட்டுக் கொடுத்தார்.

மத்தியானத்துக்கு மேல் கூப்பிட்டார்கள். இந்தத் தடவை வாய்தா இல்லை. இலாகா வக்கீல் எழுந்தார். ஆள் ஒல்லி, தொண்டை மட்டும் நல்ல தொண்டை. ஞாயிறுகளில் தனக்கு வேலை இல்லை என்று காட்டத் தபால்காரர் தன் லீவுக் கணக்கைக் கொடுத்திருந்தார், அதை இலாகா வக்கீல் தொடவில்லை. இன்னொரு மனுதாரர் வகுப்புக்கு வந்துபோன பயணச்சீட்டுகளை ஒட்டிக் கொடுத்திருந்தார், அதையும் தள்ளினார். கட்டின் நடுவிலிருந்து ஒரு தாளை உருவினார்.

"கோர்ட்டார் இதை அவசியம் பார்க்கணும். நாங்க குடுத்தது இல்ல, மனுதாரரே குடுத்தது. 'மேற்படி பணியாளர் கடந்த மூன்று ஆண்டுகளில் ஒரு நாள்கூட விடுப்பு எடுத்ததில்லை, ஞாயிறு உட்பட.' ஞாயிறு உட்படங்கறதுக்குக் கீழ கோடு வேற போட்டிருக்கு. அந்தம்மா ஞாயித்துக்கிழமை வகுப்புக்குப் போனேன்னு பிரமாணம் பண்ணியிருக்காங்க. அதே ஞாயித்துக்கிழமை வேலையில இருந்தாங்கன்னு அவங்க முதலாளி சொல்றாரு. ரெண்டுல எந்தப் பொய்யை நாங்க நம்பணும்?"

வராந்தா வரைக்கும் சிரிப்புக் கேட்டது. நீதிபதி சிரிக்கவில்லை. தாளை வாங்கிப் பார்த்தார், இவர்கள் வக்கீலைப் பார்த்தார். வக்கீல் அந்தத் தாளை அன்றைக்குத்தான் முதல் தடவையாகப் பார்த்தார் என்பது அவர் முகத்தில் எழுதியிருந்தது.

"விளக்கம் தாக்கல் பண்ணுங்க," என்றார் நீதிபதி. அடுத்த வழக்கைக் கூப்பிட்டார்கள்.

டீச்சருக்குக் காது சூடாகிவிட்டது. அது அவள் பெருமையாக வைத்திருந்த தாள். வேலையை விடுகிற அன்று மேனேஜர் கையால் எழுதிக் கொடுத்தது. ஆஸ்பத்திரிக்கு ஞாயிறு கிடையாது, துணி வந்துகொண்டேயிருக்கும். ஆனால் ஆள் வராது. ஞாயிற்றுக்கிழமை வருகிறவளைவிட உசந்தவள் அந்தக் கூடத்தில் இல்லை. அதனால்தான் மேனேஜர் கோடு போட்டார். அந்த இடத்தில் ஒருவருக்குக் கொடுக்க முடிந்த பெரிய மரியாதை அந்தக் கோடுதான்.

*

வக்கீலின் அறை ஒரு நகல் எடுக்கும் கடைக்கு மேலே இருந்தது. கீழேயிருந்து எந்திரத்தின் சூடு படியேறி வந்துகொண்டே இருக்கும். மின்விசிறி அந்தச் சூட்டையே எடுத்து எல்லோருக்கும் பங்கிட்டது.

"ஏம்மா, இதை யாரு குடுக்கச் சொன்னது?"

"நீங்கதான் சார். நன்னடத்தைச் சான்று ஏதாச்சும் இருந்தா கொண்டுவான்னீங்க."

"நன்னடத்தைன்னா நல்லவங்க, ஒழுக்கமானவங்க, வம்பு தும்பு இல்லைன்னு எழுதியிருக்கணும்."

"எங்க இடத்துல நல்லவங்கன்னா லீவு போடாதவங்க சார்."

வக்கீல் கண்ணாடியைக் கழற்றி மேசைமேல் வைத்தார். கண்ணாடி இல்லாமல் அவர் இன்னும் களைத்துத் தெரிந்தார்.

"நீங்க படிச்சுப் பார்க்கலையா சார்?" என்றாள்.

"உன் ஒருத்தி கேஸாம்மா எனக்கு? பன்னிரண்டு பேர் தாளு, ஆளுக்கொரு மூட்டை. ஜூனியர் கோத்துக் குடுத்தான், நான் கையெழுத்துப் போட்டேன்." பிறகு குரலை இறக்கினார். "சரி, ஆனது ஆச்சு. இப்ப சொல்லு. ரெண்டுல எது பொய்?"

"ரெண்டும் பொய் இல்ல சார்."

"ரெண்டும் நெசம்னா நீ ரெண்டு ஆளா இருந்திருக்கணும்."

அவள் தன் கைகளைப் பார்த்தாள். "ரெண்டு ஆளுதான் சார்."

பக்கத்தில் உட்கார்ந்திருந்த தபால்காரர் தலையில் கை வைத்துக்கொண்டார்.

இப்படி ஒருத்திக்காக இன்னொருத்தி நிற்பதற்குச் சலவைக்கூடத்தில் 'பதில் நிற்பது' என்று பெயர். உள்ளே போகிறவர் தன் எண் போட்ட பித்தளை வில்லையைச் சுவரில் ஆணியில் மாட்ட வேண்டும், வெளியே போகும்போது எடுக்க வேண்டும். வில்லை தொங்கினால் ஆள் இருக்கிறது. வார ஓய்வை மாற்றிக் கேட்டால் தலைமை அலுவலகம் மாற்றாது. கேட்டவளுக்கு ஓய்வே இல்லாமல் பண்ணிவிடும். ஆகவே பெண்கள் தங்களுக்குள் மாற்றிக்கொண்டார்கள். பிள்ளைக்குக் காய்ச்சல் என்றால், வீட்டில் சாவு என்றால், ஒருத்தி வில்லையை இன்னொருத்தி மாட்டி இரண்டாவது உடம்பாக நின்று வேலையை முடிப்பாள்.

டீச்சருக்கு ஞாயிறுதோறும் பதில் நின்றது அவள் நாத்தனார், புருஷனுடைய அக்கா. சீனியர் என்பதால் நாத்தனாருக்கு ஞாயிறு ஓய்வு. அந்த ஓய்வை விட்டுவிட்டு வந்து டீச்சர் வில்லையை மாட்டுவாள். டீச்சருக்கு வாரத்தின் நடுவில் ஓய்வு. அன்று டீச்சர் வந்து நாத்தனாருக்கு நிற்பாள். மூன்று வருஷம் இப்படி நடந்தது. ஒருத்திக்கொருத்தி பாக்கி இல்லை. ஒரு போர்வைகூடக் குறையவில்லை.

"அந்தம்மா எழுதிக் குடுத்துட்டா நீ பிழைச்சே," என்றார் வக்கீல். "ஞாயித்துக்கிழமை இவ வேலைக்கு வரல, நான்தான் வந்தேன்னு ஒரு பிரமாணப் பத்திரம். அவ்வளவுதான்."

"அவங்க வேலை என்ன ஆகும் சார்?"

"அது வேற விஷயம்மா. நான் பார்க்கறது இந்த வழக்கு."

தபால்காரர் அவளோடு படியிறங்கி வந்தார். தெருவுக்கு வந்த பிறகு நின்றார்.

"தப்பா எடுத்துக்காத தங்கச்சி. உன் ஒரு தாளு எங்க எல்லாரையும் பொய்யராக்கிருச்சு. இனி எவன் என்ன காட்டினாலும், இதுல எது பொய்னுதான் கேப்பான். ஒண்ணு அந்தம்மா எழுதிக் குடுக்கணும். இல்ல, நீ உன் பேரை எடுத்துட்டு ஒதுங்கிக்கணும். நடுவுல நிக்காத."

"ஒதுங்கினா என் சீட்டு?"

"போயிரும்." அவர் அதைச் சுற்றி வளைக்காமல் சொன்னார். கடிதம் கொடுத்துப் பழகியவர், நல்லதா கெட்டதா என்று பார்க்காமல் கையில் வைத்துவிட்டுப் போகிறவர்.

*

வீடு இரண்டு அறை. முன்னறையில் பாதியைத் தேய்ப்பு மேசை பிடித்துக்கொண்டது. டீச்சரின் புருஷன் லாரிக்கு மூட்டை ஏற்றுகிறவன். அவன் மேசைக்கும் சுவருக்கும் நடுவில் உடம்பைச் செருகிக்கொண்டு சாப்பிட்டுக்கொண்டிருந்தான். நாத்தனார் அப்போதுதான் வேலையிலிருந்து வந்து கால்களைக் காயவைத்துக்கொண்டிருந்தாள். நாளெல்லாம் தண்ணீரில் நின்ற கால் ஊறி வெளுத்து, விரல் இடுக்குகளில் தோல் உரிந்திருந்தது. அவளுக்குப் புருஷன் போய்ப் பல வருஷம். தம்பி வீட்டில்தான் இருக்கிறாள்.

"என்ன டீச்சரம்மா, இன்னைக்காச்சும் பாஸா? இல்ல, வழக்கம்போல வாய்தாவா?"

டீச்சர் நடந்ததைச் சொன்னாள். மறைக்கவில்லை. மறைக்கிற தெம்பும் இல்லை.

நாத்தனார் முதலில் சிரித்தாள். வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். "கோடு போட்டுக் குடுத்தானா அந்த ஆளு. பதினாறு வருஷம் நான் நின்னிருக்கேன், எனக்கு ஒரு புள்ளிகூட வச்சதில்ல. நான் வேலை செஞ்ச ஞாயித்துக்கிழமைக்கு உனக்குக் கோடு."

"அண்ணி, நான் விலகிக்கறேன்."

சிரிப்பு நின்றது. "விலகு. நாளைக்கே வா, என் பக்கத்து எந்திரம் சும்மாதான் இருக்கு. தோளு வலிக்குதுன்னு மட்டும் அழுவாத."

"அக்கா, நீ சும்மா இரு," என்றான் புருஷன். "அவ விலகறதுதான் சரி. உனக்கு இன்னும் கொஞ்ச வருஷம்தான். தள்ளிட்டீன்னா ஓய்வுப் பணம் கைக்கு வரும். இப்பப் போய் நான்தான் நின்னேன்னு எழுதிக் குடுத்தா அதை எல்லாம் பிடுங்கிட்டு அனுப்பிருவானுங்க."

"எதுக்கு அனுப்பறான்? வேலை செய்யாம செஞ்சதா காட்டினாத்தான்டா தப்பு. நான் செஞ்சேன். அவளும் செஞ்சா. எந்த ஆஸ்பத்திரியில எவன் போர்வை இல்லாமப் படுத்தான்? சொல்லு பார்ப்போம்."

"அவனுங்களுக்கு அது கணக்கு இல்லக்கா."

"மேனேஜருக்குத் தெரியும்டா. என் எதிரதான் போவான் வருவான். ஞாயித்துக்கிழமை என் மூஞ்சியை என்ன, டீச்சர் மூஞ்சின்னா நெனச்சான்? தெரிஞ்சுதான் விட்டான்." அவள் காலை மாற்றிப் போட்டாள். "நீ கொஞ்சம் வாயை மூடிட்டுச் சாப்பிடு. ஏய், இங்க பாரு. நான் என் ஞாயித்துக்கிழமையை எல்லாம் எதுக்குக் குடுத்தேன்? நீ விலகறதுக்கா? இந்த வீட்டுல ஒருத்தியாவது காஞ்ச காலோட வேலைக்குப் போகணும்னு குடுத்தேன். இப்ப நட்டாத்துல நின்னுக்கிட்டு விலகறேங்கற."

"உங்க வேலை, அண்ணி."

"என் வேலையை நான் பார்த்துக்கறேன். மூணு வருஷம் உன் பேருல உழைச்சிருக்கேன். ஒரு தாளுலயாச்சும் என் பேரு வரட்டும்."

புருஷன் தட்டைத் தள்ளிவிட்டு எழுந்து வெளியே போய்விட்டான். மேசையில் இடித்துக்கொண்டு போனான்.

வேண்டாம் என்று டீச்சர் சொன்னாள். ஒரு தடவை சொன்னாள். இரண்டாவது தடவை சொல்லவில்லை. பயிற்சிக் கல்லூரியின் மர நாற்காலி, அதில் தனக்கென்று இருந்த இடம், பாடம் நடத்தப் போன பள்ளியில் நாற்பது பிள்ளைகள் எழுந்து நின்று வணக்கம் சொன்ன காலை, எல்லாம் அவள் வாயை மூடின. யாரும் அவளை மிரட்டவில்லை. அவளுக்கு அந்தச் சீட்டு வேண்டும், அவ்வளவுதான்.

*

வக்கீல் ஆபீசுக்கு வருவதற்காக நாத்தனார் பெட்டியிலிருந்து நல்ல சேலையை எடுத்துக் கட்டியிருந்தாள். ஜூனியர் பத்திரத்தை வாசித்தான். அவள் கவனமாகக் கேட்டாள்.

"நிறுத்து தம்பி. 'உதவி செய்தேன்'னு போட்டிருக்க."

"ஆமாம்மா. மனுதாரர் படிப்புக்கு உதவும் பொருட்டு..."

"உதவி எல்லாம் இல்ல. வேலை செஞ்சேன். வேலை செஞ்சேன்னு போடு."

அடித்துத் திருத்தி மறுபடி அச்சிட்டான். அவள் தன் பெயரை எழுத்துக் கூட்டிக் கையெழுத்துப் போட்டாள். போட்ட பிறகு கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

பத்திரத்தின் நகல் இலாகா வக்கீலுக்குப் போயிற்று. அவர் சும்மா இருப்பாரா. இது உண்மையா என்று கேட்டுச் சலவைக்கூடத்தின் தலைமை அலுவலகத்துக்குக் கடிதம் போட்டார். அடுத்த வாய்தா வருவதற்குள் நாத்தனாரை மேனேஜர் அறைக்குக் கூப்பிட்டார்கள். டீச்சரும் கூடப் போனாள். வாசலில் தடுத்த காவலாளியிடம், "நான் இங்க வேலை பார்த்தவ," என்றாள். "பார்த்தவதானே," என்றான் அவன். நாத்தனார் அவனை ஒரு பார்வை பார்த்த பிறகு விட்டான்.

மேனேஜரின் அறைச் சுவருக்கு அந்தப் பக்கம்தான் பிழியும் எந்திரங்கள். அவை சுற்றும்போதெல்லாம் மேசைமேல் கண்ணாடித் தம்ளர் நடுங்கும். மேனேஜர் கோபமாக இல்லை. கோபமாக இருந்திருந்தால் தேவலை.

"எனக்குத் தெரியாதா? தெரியும்," என்றார். "வேலை நடந்துச்சு, கண்ணை மூடிக்கிட்டேன். வாயால சொன்னா காத்தோட போயிருக்கும். நீங்க முத்திரைத் தாளுல எழுதி, கையெழுத்துப் போட்டு, கோர்ட்டுல குடுத்திருக்கீங்க. நான் என்ன பண்ணட்டும்? அடுத்தவ பேருல வருகை போட்டா வேலை நீக்கம்னு நிலையாணையில, கம்பெனி விதியிலயே, இருக்கு. செஞ்சேன்னு இவங்களே சொல்றாங்க. விசாரணைக்குக்கூட வேலை இல்ல."

"சார், ஒரு நாள் சம்பளமாவது அதிகமா வாங்கியிருக்கோமா?" என்றாள் டீச்சர்.

"இல்ல."

"ஒரு துணியாவது குறைஞ்சிருக்கா?"

"இல்லம்மா. என்னை எதுக்குக் கேக்கற? மேல இருந்து என்னையே கேக்கறான், உன் கோடு போட்ட சர்டிபிகேட்டு பொய்யான்னு. உனக்கு நல்லது பண்ணப் போய் எனக்கு மெமோ." அவர் நாத்தனார் பக்கம் திரும்பினார். "ஓய்வுப் பணமும் இதுல வராதுக்கா. நான் எழுதிப் பார்க்கறேன். வரும்னு நினைச்சுட்டு இருக்காத."

பதினாறு வருஷத்தில் முதல் தடவையாக அவளை அவர் அக்கா என்று கூப்பிட்டார். நாத்தனார் வில்லையை மடியிலிருந்து எடுத்து மேசைமேல் வைத்தாள். எந்திரம் சுற்றியது. வில்லையும் தம்ளரும் சேர்ந்து நடுங்கின.

நாத்தனார் முன்னால் நடந்தாள். வீட்டுக்கு வந்து தேய்ப்புப் பெட்டியைச் சூடேற்றினாள். "நீ படி. காலேஜுக்கு நேரமாச்சு," என்றாள். லாட்ஜுச் சட்டைகளை அன்றையிலிருந்து அவள் தேய்க்க ஆரம்பித்தாள்.

*

தீர்ப்பு நாள் என்று சொல்லி இரண்டு தடவை வரவழைத்தார்கள். முதல் தடவை நீதிபதி லீவு. இரண்டாவது தடவை மின்சாரம் இல்லை. மூன்றாவது தடவை டீச்சர் எதையும் எதிர்பார்க்காமல் வந்து தூணில் சாய்ந்து நின்றாள். உள்ளே போன தபால்காரர் நெஞ்சைத் தடவிக்கொண்டே வெளியே வந்தார்.

"ஜெயிச்சாச்சு தங்கச்சி. எல்லாருக்கும். உனக்கும்தான்."

அவளுக்குச் சட்டென்று விளங்கவில்லை. தபால்காரர் அவள் தோளை, வலிக்கிற தோளையே, பிடித்து உலுக்கினார். மனுதாரர்கள் ஒருவரை ஒருவர் கட்டிக்கொண்டார்கள். பயணச்சீட்டு ஒட்டியவர் தூணுக்குப் பின்னால் போய் அழுதார். டீச்சருக்கும் அழுகை வந்தது. சந்தோஷம்தான், பொய் இல்லை. சீட்டு அவளுடையது. அந்த ரப்பர் முத்திரையை இனி எவனும் அவள்மேல் குத்த முடியாது.

வக்கீல் காகிதக் கட்டை அக்குளில் இடுக்கிக்கொண்டு வந்தார். முகம் மலர்ந்திருந்தது.

"சார், எங்க அண்ணி எழுதிக் குடுத்ததை ஐயா ஒத்துக்கிட்டாரா?"

"எது? அதுவா. நல்லவேளைம்மா, அது பேச்சே வரல."

"வரலையா?"

"சுற்றறிக்கை வந்தது நீங்க சேர்ந்ததுக்கு அப்புறம். சேர்ந்து உட்கார்ந்தவங்களைப் பின்னாடி வந்த விதி எழுப்ப முடியாது. அந்த ஒரு பாயிண்டுலயே முடிச்சுட்டார். யாரு வகுப்புக்கு வந்தாங்க, வரலைங்கறதுக்குள்ள போகவே தேவையில்லைன்னு தெளிவா எழுதியிருக்காரு."

"அந்தப் பாயிண்டு முன்னாடியே தெரியுமா சார்?"

"மனுவுல முதல் பக்கத்துலயே போட்டிருக்கேனே," என்றார் வக்கீல் பெருமையாக.

டீச்சர் அவரைப் பார்த்தாள். திட்டுவதற்கு வார்த்தை இருந்தது, நிறைய இருந்தது, சலவைக்கூடத்தில் கற்றவை. ஆனால் அவரிடம் கேட்காமல் விட்டவள் அவளும்தானே. முதல் பக்கத்தை அவளும் படித்திருந்தாள். அதுவே போதுமா என்று ஒரு நாள்கூட யாரும் யாரையும் கேட்கவில்லை.

"அப்ப அண்ணி குடுத்ததைத் திருப்பி வாங்கிக்கலாமா சார்?"

"கட்டுக்குள்ள போனது போனதுதாம்மா."

"வேலை போயிருச்சு அவங்களுக்கு. கோர்ட்டு அதைப் பார்க்கவே இல்லைன்னு ஒரு கடுதாசி குடுத்தா திருப்பிச் சேர்த்துக்குவாங்களா?"

"அது தொழிலாளர் கோர்ட்டு. தனி வழக்கு. போடலாம், போடக் கூடாதுன்னு இல்ல. ஆனா செஞ்சேன்னு அவங்களே கையெழுத்துப் போட்டிருக்காங்களே." அவர் வேறு யாரோ கூப்பிட்டதால் திரும்பினார். போகிற போக்கில், "இலாகா அப்பீலுக்குப் போகுமான்னு தெரியல. போனா பார்த்துக்கலாம்," என்றார்.

தபால்காரர் எல்லோருக்கும் டீ வாங்கித் தந்தார். அவளுக்கு நீட்டிய தம்ளரை வாங்கி, ஆறும்வரை கையில் வைத்திருந்து, குடிக்காமல் திருப்பிக் கொடுத்துவிட்டு பஸ் ஏறினாள்.

வீட்டில் நாத்தனார் மேசைக்கு முன்னால் நின்று ஒரு திரைச்சீலையைத் தேய்த்துக்கொண்டிருந்தாள். துணியிலிருந்து ஆவி எழும்பியது. நிமிராமலே, "என்னடி ஆச்சு?" என்றாள்.

"ஜெயிச்சுட்டோம் அண்ணி."

"பார்த்தியா." தேய்ப்புப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டு நெற்றியைத் துடைத்தாள். அவள் முகத்தில் உண்மையான சந்தோஷம் இருந்தது. "நான் சொன்னேன்ல. நெசத்தைச் சொன்னா கோர்ட்டுல எவனும் உன்னை ஒண்ணும் பண்ண முடியாதுன்னு. என்ன சொன்னாரு ஐயா, நான் எழுதினதைப் பத்தி?"

டீச்சர் செருப்பைக்கூடக் கழற்றாமல் நின்றாள். பொய் சொல்லியிருக்கலாம். ஒரு வாக்கியம் போதும். நாத்தனார் அதை வைத்துக்கொண்டு மிச்ச காலத்தை ஓட்டிவிடுவாள்.

"ஒண்ணும் சொல்லல அண்ணி. அதைப் படிக்கவே இல்ல. அது தேவையே இல்லையாம்."

நாத்தனார் புரியாதவள் மாதிரி பார்த்தாள். பிறகு புரிந்தது.

"தேவையில்லையா?"

"ஆமா."

"அப்ப நான் அதைக் குடுக்காம இருந்திருந்தாலும் உனக்கு இதே சீட்டுத்தான் கிடைச்சிருக்கும்."

"ஆமா அண்ணி."

நாத்தனார் திரைச்சீலையின் ஓரத்தைப் பிடித்து இழுத்து நேராக்கினாள். ஏற்கெனவே அது நேராகத்தான் இருந்தது. "விளங்குச்சு," என்றாள். "கையைக் கழுவிட்டுச் சாப்பிடு." தேய்ப்புப் பெட்டியை மறுபடி கையில் எடுத்தாள்.

அப்பீல் வரலாம், வராமல் போகலாம். டீச்சர் பயிற்சியை முடிப்பாள், ஏதோ ஒரு பள்ளியில் சேர்வாள், காய்ந்த காலோடு வேலைக்குப் போய் வருவாள். சம்பளம் வந்தால் அண்ணிக்குச் சேலை வாங்கித் தருவாள், மருந்து வாங்கித் தருவாள், வீட்டுச் செலவு மொத்தத்தையும் தன் தலையில் போட்டுக்கொள்வாள். அதெல்லாம் வேறு. அவள் நாத்தனாருக்குத் தர வேண்டியது ஒரு வேலை. ஞாயிறு ஓய்வும் ஓய்வுப் பணமும் இருந்த, பதினாறு வருஷம் நின்று சம்பாதித்த ஒரு வேலை. அது இன்னும் பாக்கி.